ஜெயகாந்தன்

த. ஜெயகாந்தன் (ஏப்ரல் 24, 1934 – ஏப்ரல் 8, 2015) தமிழ் எழுத்தாளரும் திரைப்பட இயக்குநரும் ஆவார். சிறுகதை, புதினம், கட்டுரை, திரைப்படம் ஆகிய துறைகளில் இயங்கினார். தமிழ்நாட்டின் கடலூரைச் சேர்ந்த மஞ்சக்குப்பத்தில் பிறந்தவர். பள்ளிக் கல்வியை ஐந்தாம் வகுப்போடு நிறுத்திக்கொண்ட இவர், பின்னாளில் இந்திய இலக்கியத்தின் உயர்ந்த விருதுகளில் ஒன்றான ஞானபீட விருதைப் பெற்றார். தமிழ்த் திரையுலகின் பெரும் படநிறுவனங்களைச் சாராமல் தம் கதையைத் தாமே படமாக்கியவர்களில் முன்னோடியாகக் கருதப்படுகிறார். இவர் இயக்கிய முதல் திரைப்படமான உன்னைப்போல் ஒருவன் 12ஆவது தேசியத் திரைப்பட விருதுகளில் அகில இந்திய அளவில் மூன்றாவது சிறந்த படத்துக்கான தகுதிச் சான்றிதழைப் பெற்றது.

இளமைப் பருவம்

ஜெயகாந்தனின் இயற்பெயர் முருகேசன். பெற்றோர் தண்டபாணி பிள்ளை, மகாலட்சுமி அம்மாள். தந்தையின் அருகாமை இன்றித் தாயாலும் தாய்வழி உறவினராலும் வளர்க்கப்பட்டார். தாய்மாமன்கள் அரசியல் ஈடுபாடு உடையவர்களாக இருந்ததால், சிறு வயதிலேயே அரசியல் பேச்சுகளைக் கேட்டு வளரும் வாய்ப்பு இவருக்குக் கிடைத்தது. பள்ளிப் படிப்பில் நாட்டம் கொள்ளாத இவர் வீட்டை விட்டு விழுப்புரத்துக்குச் சென்று அங்கு மாமனின் பொறுப்பில் வளர்ந்தார். பொதுவுடைமைக் கருத்துகளும் சுப்பிரமணிய பாரதியின் எழுத்துகளும் அவர் வழியாகவே இவருக்கு அறிமுகமாயின. பாரதியின் மீது அன்று ஏற்பட்ட பற்று இறுதிவரை நீடித்தது.

1946ஆம் ஆண்டு, தமது பன்னிரண்டாம் வயதில், ஜெயகாந்தன் சென்னைக்கு வந்தார். இந்தியப் பொதுவுடைமைக் கட்சியின் ஊழியர்கள் ஒன்றாக வாழ்ந்த இல்லத்தில் சேர்ந்தார். ப. ஜீவானந்தம் உள்ளிட்ட கட்சித் தலைவர்களின் அறிமுகமும் வழிகாட்டுதலும் அங்கே கிடைத்தன. கட்சியின் இதழான ஜனசக்தியின் அச்சகத்தில் அச்சுக் கோக்கும் வேலை செய்தார். தெருக்களில் நின்று இதழ் விற்றார். பள்ளிக்கூடம் தராத கல்வியை அச்சகமும் கட்சி அலுவலகத்தின் நூல்களும் விவாதங்களும் இவருக்குத் தந்தன.

1949இல் கட்சி தடை செய்யப்பட்டபோது ஊழியர்கள் பல ஊர்களுக்குச் சிதறினர். ஜெயகாந்தன் சில மாதங்கள் தஞ்சாவூரில் ஒரு செருப்புக் கடையில் வேலை பார்த்தார். பின்னர் சென்னைக்குத் திரும்பி, பிழை திருத்துதல் போன்ற சிறு வேலைகளைச் செய்தபடியே கதைகள் எழுதத் தொடங்கினார். தடை, தலைமறைவு, வேலையின்மை ஆகியவற்றால் நிறைந்த இந்த ஆண்டுகளில் நகரத்தின் ஏழை மக்களுடன் மிக நெருங்கிப் பழகினார். சேரி வாழ்க்கையும் அம்மக்களின் பேச்சு மொழியும் பிற்காலத்தில் இவருடைய கதைகளிலும் திரைப்படத்திலும் இடம்பெற்றதற்கு இந்தப் பழக்கமே அடிப்படையாகும்.

எழுத்துலகில்

1950களில் சரஸ்வதி, தாமரை, சாந்தி முதலிய இதழ்களில் ஜெயகாந்தனின் சிறுகதைகள் வெளிவந்தன. வாழ்க்கை அழைக்கிறது என்னும் முதல் புதினம் 1957இல் வெளியானது. 1960களில் ஆனந்த விகடன் இவருடைய கதைகளை முத்திரைக் கதைகளாக வெளியிட்டது. அதுவரை சிற்றிதழ் வாசகர்களிடம் மட்டும் அறிமுகமாகியிருந்த இவர் இதனால் தமிழகம் முழுவதும் அறியப்பட்ட எழுத்தாளரானார். சேரியில் வாழ்வோர், உழைப்பாளிகள், கைவிடப்பட்ட பெண்கள் ஆகியோரை மையமாகக் கொண்ட கதைகள் பெருமளவில் விற்பனையாகும் வார இதழில் இடம்பெற்றது அக்காலத்தில் புதுமையாக இருந்தது.

சொந்த வாழ்வின் தடங்கள் இவருடைய கதைகள் பலவற்றில் காணப்படுகின்றன. அச்சகத் தொழிலாளி ஒருவனின் வாழ்வைச் சொல்லும் ட்ரெடில் என்னும் சிறுகதை, இவர் நேரில் அறிந்த அச்சுக்கூடச் சூழலைப் பின்னணியாகக் கொண்டது. யுகசந்தி என்னும் சிறுகதை கடலூரையும் நெய்வேலியையும் களமாகக் கொண்டது. இளம் வயதிலேயே கணவனை இழந்து, நெய்வேலியில் ஆசிரியையாகப் பணிபுரியும் பேத்தி மறுமணம் செய்துகொள்ள முடிவெடுக்கிறாள். குடும்பத்தார் எதிர்க்க, தானும் அதே நிலையில் வாழ்நாளைக் கழித்த கௌரிப் பாட்டி அவள் பக்கம் நிற்கிறாள். பழைய தலைமுறையே புதிய தலைமுறையைப் புரிந்துகொண்டு துணை நிற்பதாக அமைந்த இக்கதை, இவருடைய சிறந்த சிறுகதைகளுள் ஒன்றாக எண்ணப்படுகிறது.

1966இல் ஆனந்த விகடனில் வெளிவந்த அக்கினிப் பிரவேசம் பெரும் விவாதத்தை எழுப்பியது. மழை நாளில் முன்பின் அறியாத ஒருவனின் காரில் ஏறிப் பாலுறவுக்கு ஆளான கல்லூரி மாணவியை, அவளுடைய தாய் தலையில் நீரூற்றித் தூய்மையாகிவிட்டாள் என்று ஏற்றுக்கொள்வதாகக் கதை முடிகிறது. வாசகர்களில் ஒரு பகுதியினர் இம்முடிவைக் கடுமையாக எதிர்த்தனர். தாய் அவ்வாறு ஏற்காமல் ஊரறியச் செய்திருந்தால் அப்பெண்ணின் வாழ்வு என்னவாகியிருக்கும் என்ற கேள்வியை எடுத்துக்கொண்டு, சில நேரங்களில் சில மனிதர்கள் என்னும் புதினத்தை ஜெயகாந்தன் எழுதினார். தினமணி கதிரில் தொடராக வந்த இப்புதினம் 1972இல் சாகித்திய அகாதமி விருது பெற்றது. கதைத்தலைவி கங்காவின் பிற்கால வாழ்வைக் கங்கை எங்கே போகிறாள் (1978) என்னும் புதினம் தொடர்ந்தது.

1973இல் நூலாக வெளிவந்த ஒரு மனிதன் ஒரு வீடு ஒரு உலகம், குடும்பம், அடையாளம் ஆகிய பொருள்களை நேரடியாக எடுத்துக்கொண்ட புதினமாகும். பெற்றோர் யாரென்று அறியாத ஹென்றி, தன்னை எடுத்து வளர்த்த தந்தை சபாபதி பிள்ளையின் இறப்புக்குப் பின் அவருடைய சொந்தக் கிராமத்தைத் தேடி வருகிறான். சாதியும் மதமும் அறியாத அவன், அவ்வூரில் தந்தையின் பாழடைந்த வீட்டைப் புதுப்பித்து அதனைத் தன் வேராக ஆக்கிக்கொள்ள முயல்கிறான். ஒருவனின் அடையாளத்தைப் பிறப்பு முடிவு செய்கிறதா, அன்பு முடிவு செய்கிறதா என்னும் கேள்வி இப்புதினம் முழுவதும் தொடர்கிறது. தந்தை அருகில் இல்லாமல் வளர்ந்த எழுத்தாளரின் படைப்புகளில் இக்கேள்வி மீண்டும் மீண்டும் வருவதைக் காணலாம்.

திரைத்துறையில் நுழைவு

ஜெயகாந்தனுக்குத் திரைப்படத்துடனான தொடர்பு பாடலாசிரியராகத் தொடங்கியது. 1960இல் வெளிவந்த பாதை தெரியுது பார் திரைப்படத்துக்கு இவர் பாடல் எழுதினார். எம். பி. சீனிவாசன் இசையில் பி. பி. ஸ்ரீனிவாசும் எஸ். ஜானகியும் பாடிய அப்பாடல் பரவலாக அறியப்பட்டது. இப்படத்தை இயக்கியவர் வங்காளத்தைச் சேர்ந்த நிமாய் கோஷ். இந்தியப் பிரிவினையால் இடம்பெயர்ந்த மக்களைப் பற்றிய சின்னமூல் (1950) என்னும் வங்காளப் படத்தின் இயக்குநரும் இவரே. இடதுசாரிக் கலைஞர்கள் இணைந்து உருவாக்கிய பாதை தெரியுது பார், தொழிலாளர் வாழ்வை எடுத்துக்காட்டியது. பெரும் படநிறுவனங்களுக்கு வெளியே நின்று படமெடுக்க இயலும் என்பதற்கும், அவ்வாறு எடுத்த படத்தை மக்களிடம் கொண்டு சேர்ப்பது எவ்வளவு கடினம் என்பதற்கும் அது ஒருசேரச் சான்றாக இருந்தது.

இதே காலத்தில் இந்தியாவின் பிற பகுதிகளிலும் மாற்றங்கள் நிகழ்ந்தன. சத்யஜித் ராயின் பதேர் பாஞ்சாலி 1955இல் வெளிவந்து உலக அளவில் கவனம் பெற்றிருந்தது. போருக்குப் பிந்தைய இத்தாலியில் தோன்றிய நடப்பியல் படங்கள், தெருக்களையும் எளிய மக்களையும் திரைக்குக் கொண்டுவந்திருந்தன. தமிழ்த் திரையுலகம் அப்போது நட்சத்திர நடிகர்களையும் பாடல்களையும் படப்பிடிப்பு அரங்குகளையும் சார்ந்தே இயங்கி வந்தது.

உன்னைப்போல் ஒருவன்

ஆனந்த விகடனில் வெளிவந்த தமது உன்னைப்போல் ஒருவன் கதையை ஜெயகாந்தன் தாமே படமாக்க முடிவு செய்தார். ஆசிய ஜோதி பிலிம்ஸ் என்னும் பெயரில் படம் தயாரிக்கப்பட்டது. கதை, திரைக்கதை, உரையாடல், இயக்கம் ஆகிய பொறுப்புகளை அவரே ஏற்றார். காந்திமதி, பிரபாகர், சிறுவன் உதயன் முதலியோர் நடித்தனர். வீணைக் கலைஞர் சிட்டிபாபு இசையமைத்தார். நட்சத்திரங்களையும் பாடல் காட்சிகளையும் நம்பாமல், கதையையும் நடிப்பையும் மட்டுமே நம்பி எடுக்கப்பட்ட படம் இது.

சேரியில் வாழும் தங்கம் என்னும் உழைப்பாளிப் பெண்ணும் அவளுடைய மகன் சிட்டியும் கதையின் மையம் ஆவர். தந்தை இன்றி வளரும் சிட்டிக்குத் தாயே உலகம். கிளி சோதிடம் பார்க்கும் மாணிக்கம் தங்கத்தின் வாழ்வில் வருகிறான். தாயின் அன்பில் வேறொருவன் பங்கு கொள்வதைச் சிறுவனால் பொறுத்துக்கொள்ள முடியவில்லை. மகனின் வெறுப்பைக் கண்டு மாணிக்கம் விலகிச் செல்கிறான். அப்போது தங்கம் கருவுற்றிருக்கிறாள். குழந்தையைப் பெற்றபின் அவள் இறந்துபோக, தான் வெறுத்தவனின் குழந்தையைச் சிட்டி தன் உடன்பிறப்பாக ஏற்றுக்கொள்வதாகக் கதை நிறைவடைகிறது. தன்னைப் போலவே தந்தையின் பெயர் இன்றி உலகுக்கு வந்த ஓர் உயிர் என்பதை அச்சிறுவன் உணர்வதே தலைப்பின் பொருளாகும்.

இப்படத்தை ஜெயகாந்தனின் தன்வரலாறு எனக் கூற இயலாது. சிட்டியின் வாழ்வு எழுத்தாளரின் வாழ்வு அன்று. எனினும் தந்தை இல்லாத வீடு, மகனுக்காக உழைக்கும் தாய், பள்ளியில் கால் பதியாத சிறுவன், நகரத்தின் ஏழைக் குடியிருப்பு ஆகிய அனைத்தும் இவர் தம் வாழ்வில் கண்டும் பட்டும் அறிந்தவை. தமிழ்த் திரைப்படங்களில் சேரி மக்கள் பெரும்பாலும் நகைச்சுவைக்கோ பரிதாபத்துக்கோ பயன்பட்ட காலத்தில், அவர்களைக் குடும்பமும் மானமும் சினமும் உள்ள முழு மனிதர்களாக இப்படம் காட்டியது. கைம்பெண்ணோ கணவனால் கைவிடப்பட்டவளோ மீண்டும் ஒரு துணையை விரும்புவதைக் குற்றமாகக் காட்டாததும் இதன் சிறப்பாகும்.

12ஆவது தேசியத் திரைப்பட விருதுகளில் சத்யஜித் ராயின் சாருலதா முதலிடம் பெற்றது. சேத்தன் ஆனந்தின் ஹக்கீகத் இரண்டாம் இடத்தையும், உன்னைப்போல் ஒருவன் மூன்றாம் இடத்தையும் பெற்றன. முதன்முறையாகப் படம் இயக்கிய ஒரு தமிழ் எழுத்தாளருக்கு இது அரிய மதிப்பாகும். ஆயினும் 1965இல் வெளியான இப்படம் வணிக வெற்றி பெறவில்லை. நட்சத்திரங்கள் இல்லாத படத்தை வாங்கித் திரையிடுவதில் திரைப்பட வணிகர்கள் ஆர்வம் காட்டாததே இத்தகைய படங்கள் யாவும் எதிர்கொண்ட பெரும் தடையாகும். அரசின் விருது ஒரு படத்தைத் திரையரங்குக்குக் கொண்டு சேர்த்துவிடாது என்பது அன்றே தெளிவாயிற்று.

யாருக்காக அழுதான்

ஜெயகாந்தனின் அடுத்த படமான யாருக்காக அழுதான் 1966இல் வெளிவந்தது. இதுவும் அவருடைய குறுநாவலை அடிப்படையாகக் கொண்டது. முதல் படத்தைப் போலன்றி இதில் புகழ்பெற்ற நடிகர்கள் நடித்தனர். நாகேஷ், கே. ஆர். விஜயா ஆகியோர் முக்கிய வேடங்களை ஏற்றனர்.

ஒரு தங்கும் விடுதியில் எடுபிடி வேலை செய்யும் ஜோசப் என்னும் எளிய மனிதன்மீது திருட்டுப் பழி சுமத்தப்படுவதே கதை. எவ்வளவு துன்புறுத்தப்பட்டாலும் எதிர்த்துப் பேசாத அவன் இறுதியில் அழுகிறான். அவன் அழுதது தனக்காகவா, தன்னைத் துன்புறுத்தியவர்களுக்காகவா என்பதே கதை எழுப்பும் கேள்வி. நகைச்சுவை நடிகராக உச்சப் புகழில் இருந்த நாகேசை இத்தகைய துயர வேடத்தில் நடிக்கவைத்தது துணிவான முயற்சியாகக் கருதப்பட்டது. நாகேசின் குறிப்பிடத்தக்க நடிப்புகளில் ஒன்றாக இப்படம் இன்றும் சுட்டப்படுகிறது.

இவ்விரு படங்களுக்குப் பின் ஜெயகாந்தனின் முதன்மைக் களமாக எழுத்தே நீடித்தது. எழுதுவதற்குத் தாளும் பேனாவும் போதும்; படமெடுக்கப் பணமும் கருவிகளும் பலரின் உழைப்பும், எடுத்ததைக் காட்டத் திரையரங்குகளும் வேண்டும். தமது நிபந்தனைகளின்படி மட்டுமே இயங்க விரும்பிய ஒருவருக்கு இவற்றில் எது ஏற்ற துறை என்பதை இந்த அனுபவம் காட்டியது. திரைத்துறையில் தாம் கண்டவற்றை ஓர் இலக்கியவாதியின் கலையுலக அனுபவங்கள் (1980) என்னும் நூலில் விரிவாக எழுதினார். தன்வரலாற்றுத் தன்மை கொண்ட இந்நூல், தமிழில் தனித்தியங்கும் திரைப்பட முயற்சிகளின் தொடக்க வரலாற்றை அறிய உதவும் ஆவணமாகும். இவ்வரிசையில் அரசியல், பத்திரிகை, ஆன்மீகம் ஆகியவை குறித்தும் தனித்தனி நூல்கள் எழுதியுள்ளார்.

பிறர் இயக்கிய படங்கள்

ஜெயகாந்தனின் கதைகளைப் பிற இயக்குநர்களும் படமாக்கினர்.

காவல் தெய்வம் (1969): கைவிலங்கு என்னும் கதையை அடிப்படையாகக் கொண்டது. சிறைக் கண்காணிப்பாளர் ஒருவரின் மனிதநேயத்தைச் சொல்வது. நடிகர் எஸ். வி. சுப்பையா தயாரித்து நடித்த இப்படத்தைக் கே. விஜயன் இயக்கினார். பாதை தெரியுது பார் படத்தின் நாயகனாக நடித்தவரும் விஜயனே.

சில நேரங்களில் சில மனிதர்கள் (1977): ஏ. பீம்சிங் இயக்கம். திரைக்கதை, உரையாடல் ஆகியவற்றோடு பாடல்களையும் ஜெயகாந்தனே எழுதினார். எம். எஸ். விசுவநாதன் இசையமைத்தார். கங்காவாக நடித்த லட்சுமி சிறந்த நடிகைக்கான தேசிய விருதைப் பெற்றார்.

ஒரு நடிகை நாடகம் பார்க்கிறாள் (1978): ஏ. பீம்சிங் இயக்கம். லட்சுமி, ஸ்ரீகாந்த் நடித்தனர்.

ஊருக்கு நூறு பேர் (2001): பீம்சிங்கின் மகனும் படத்தொகுப்பாளருமான பி. லெனின் இயக்கம். இப்படத்துக்காக லெனின் சிறந்த இயக்குநருக்கான தேசிய விருதைப் பெற்றார்.

இவற்றுள் பீம்சிங்கின் இரு படங்கள், இலக்கியப் படைப்பு ஒன்றை அதன் உட்கருத்து சிதையாமல் திரைக்குக் கொண்டுவரலாம் என்பதற்கு எடுத்துக்காட்டாகப் பேசப்படுகின்றன. இலக்கிய ஆசிரியரே திரைக்கதையையும் எழுதியது இதற்கு ஒரு காரணமாகும்.

பிறந்த மண்ணும் திரைப்படமும்

ஜெயகாந்தன் பிறந்த கடலூர், அன்றைய தென்னார்க்காடு மாவட்டத்தின் தலைநகராக இருந்தது. அம்மாவட்டம் பிரிக்கப்பட்டு 1993இல் கடலூர் மாவட்டம் உருவானது. சிதம்பரமும் அதன் கிழக்கே வெள்ளாற்றுக்கும் கொள்ளிடத்துக்கும் இடையே அமைந்த பிச்சாவரம் அலையாத்திக் காடும் இம்மாவட்டத்தில் உள்ளன. பிச்சாவரத்தின் நீர்வழிகள் திரைப்படங்களின் வெளிப்புறக் காட்சிகளுக்குப் பயன்பட்டுள்ளன, ம. கோ. இராமச்சந்திரன் நடித்த இதயக்கனி (1975) இவ்வகையில் நன்கு அறியப்பட்டது. வணிகத் திரைப்படம் இப்பகுதியின் இயற்கை எழிலைப் படம்பிடித்தது. இம்மண்ணில் பிறந்த ஜெயகாந்தனோ தம் படங்களில் இயற்கை எழிலை நாடாமல், ஏழை மனிதர்களின் முகங்களை நாடினார். பிறந்த ஊரை அவர் திரையில் காட்டவில்லை. கடலூர் நகரமும் கெடிலம் ஆறும் அவருடைய எழுத்திலேயே பதிவாகியுள்ளன.

அரசியலும் கருத்துகளும்

பொதுவுடைமை இயக்கத்தில் வளர்ந்த ஜெயகாந்தன் பிற்காலத்தில் கட்சியிலிருந்து விலகினார். காமராசரின் மீது கொண்ட மதிப்பால் காங்கிரசு இயக்கத்தை ஆதரித்தார். திராவிட இயக்கத்தைக் கடுமையாக விமர்சித்து மேடைகளில் பேசினார். ஞானரதம், கல்பனா ஆகிய இதழ்களின் ஆசிரியராகவும் செயல்பட்டார். பிற்கால எழுத்துகளில் ஆன்மீக நாட்டம் மிகுந்து காணப்பட்டது. ஜெய ஜெய சங்கர, ஹர ஹர சங்கர முதலிய படைப்புகள் இதற்குச் சான்றாகும். சேரி மக்களின் கதைகளை எழுதியவர் மரபையும் சங்கர மடத்தையும் போற்றும் நிலைக்கு வந்ததை முன்னாள் தோழர்களும் முற்போக்கு வாசகர்களும் விமர்சித்தனர். மனிதன் மாறக்கூடியவன் என்ற நம்பிக்கையே அவருடைய எல்லாக் காலத்துக் கதைகளுக்கும் பொதுவானது என்று ஆதரவாளர்கள் மறுமொழி கூறினர்.

விருதுகள்

அகில இந்தியத் தகுதிச் சான்றிதழ், 12ஆவது தேசியத் திரைப்பட விருதுகள் (உன்னைப்போல் ஒருவன்)
சாகித்திய அகாதமி விருது, 1972 (சில நேரங்களில் சில மனிதர்கள்)
சாகித்திய அகாதமி உறுப்பாண்மை, 1996
2002ஆம் ஆண்டுக்கான ஞானபீட விருது (2005இல் வழங்கப்பட்டது)
பத்மபூசண், 2009
உருசிய அரசின் நட்புறவு விருது, 2011

ஞானபீட விருது பெற்ற தமிழ் எழுத்தாளர்களுள் இவர் இரண்டாமவர். 1975ஆம் ஆண்டுக்கான விருதை அகிலன் பெற்றிருந்தார்.

மறைவும் மதிப்பீடும்

நெடுநாள் உடல்நலக் குறைவுக்குப் பின் ஏப்ரல் 8, 2015 அன்று தமது 80ஆம் வயதில் சென்னையில் ஜெயகாந்தன் காலமானார். இவருடைய வாழ்வைப் பற்றி ரவிசுப்பிரமணியன் இயக்கிய ஆவணப்படத்தை இசையமைப்பாளர் இளையராஜா தயாரித்தார்.

இவர் இயக்கிய படங்கள் எண்ணிக்கையில் குறைவு. வணிகத்திலும் அவை வெற்றி பெற்றவை அல்ல. ஆயினும் தமிழில் ஒருவர் தாம் அறிந்த வாழ்வை, தாமே எழுதி, தம் பொறுப்பில் படமாக்கலாம் என்பதை அவை நிறுவின. அக்ரகாரத்தில் கழுதை (1977) எடுத்த ஜான் ஆபிரகாம் போன்றோர் வணிகத் தளத்துக்கு வெளியே இயங்கியதற்கு முன்பே இம்முயற்சிகள் நிகழ்ந்துவிட்டன. எழுத்தில் ஆயிரக்கணக்கான வாசகர்களைப் பெற்ற அதே கதை, திரையில் பார்வையாளர்களைச் சென்றடைய முடியாமல் நின்றது. நல்ல படம் எடுப்பதும் அதை மக்களிடம் கொண்டு சேர்ப்பதும் வெவ்வேறு போராட்டங்கள் என்பதை உன்னைப்போல் ஒருவனின் வரலாறு காட்டுகிறது. தனித்தியங்கும் திரைப்படக் கலைஞர்கள் இன்றும் இவ்விரண்டாவது போராட்டத்தை எதிர்கொண்டு வருகின்றனர்.